துணைக்கால்

ஜூன் 12, ஞாயிறு

மேலக்காற்று ஆரம்பித்துவிட்டது. கூடவே குப்பைக்கிடங்குப் புகையும். காலையில் காயப்போட்ட துணியை மத்தியானம் எடுத்தால் செத்த எலி வாடை. எல்லாவற்றையும் திரும்ப நனைத்தேன். மகள் முத்தரசிக்கு இழுப்பு. பதின்மூன்று வயதுப் பிள்ளை, படி ஏறி வருகிற கிழவி மாதிரி மூச்சு வாங்குகிறாள். ஊரில் உள்ள எல்லாக் குப்பையையும் கொண்டுவந்து எங்கள் ஒன்பதாவது வார்டின் முதுகில் கொட்டித் தீ வைக்கிறார்கள். கேட்டால் தானாகப் பற்றிக்கொண்டதாம்.

நான் வேலை பார்க்கிற மாவு மில்லில் நல்ல கூட்டம். மனு வடிவு மிளகாய் திரிக்க வந்தாள். பேரூராட்சித் தேர்தல் வருகிறது, நம் வார்டைப் பெண்களுக்கு ஒதுக்கிவிட்டார்கள், நான் நிற்கப்போகிறேன் என்றாள். குப்பைக்கிடங்கை அகற்றச் சொல்லி எட்டு வருஷமாகத் திங்கள்கிழமைதோறும் கலெக்டர் ஆபீசுக்கு மனுவோடு போகிறவள். அதனால்தான் அந்தப் பெயர். அவளுக்கும் எனக்கும் ஒரே பெயர்தான், சண்முகவடிவு. ஊருக்கு அவள் மனு வடிவு, நான் மில் வடிவு.

"நில்லுங்கக்கா. ஒங்களுக்குப் போடாம வேற யாருக்குப் போட" என்றேன்.

"ஒன் ஓட்டு ஒண்ணு உறுதி. எழுதி வச்சுக்கிடுதேன், பேர்க்காரி" என்றாள். என்னைப் பேர்க்காரி என்றுதான் கூப்பிடுவாள்.

ஜூன் 13, திங்கள்

உளுந்து ஊறப்போட மறந்தேன். புகை.

ஜூன் 15, புதன்

பூலோகபாண்டியன் வீட்டுக்கு வந்தார். போன தடவை ஜெயித்த கவுன்சிலர். இந்த முறை பெண்கள் வார்டு என்பதால் அவர் மனைவி கோமதியை நிறுத்துகிறார்கள். நிற்பது கோமதி, ஜெயித்தால் நாற்காலியில் உட்காரப்போவது பாண்டியன். குப்பை அள்ளுகிற வண்டிகளும் அவருடையவைதான், ஆனால் வேறு யார் பெயரிலோ ஓடுகின்றன.

பதினோரு வருஷமாக என் வீட்டுக்காரரைத் தெருவில் வைத்து "ஏ மகராசா, எங்க தெருவுக்கு இன்னுமா தண்ணி தொறக்கல" என்று கேட்கிறவர். இன்றைக்கு "அண்ணே" என்றார். என்னை "மைனி" என்றார். நான் போட்ட டீயைக் குடித்துவிட்டு "மைனி கையில என்னமோ இருக்கு" என்று வேறு சொன்னார். பாலில் புகை வாடை அடித்தது எனக்கே தெரியும்.

பிறகு விஷயத்துக்கு வந்தார்.

"மைனிக்குத் தங்கமான பேரு. அது சும்மா கெடக்கு. நாலு பேருக்கு உதவட்டுமே" என்றார்.

எனக்கு விளங்கவில்லை. என் வீட்டுக்காரர் தரையைப் பார்த்துக்கொண்டு விளக்கினார். நானும் சுயேச்சையாக மனுத் தாக்கல் செய்ய வேண்டும். எங்கேயும் போக வேண்டாம், யாரிடமும் ஓட்டுக் கேட்க வேண்டாம். மெஷினில் படம் கிடையாது, பெயரும் சின்னமும்தான். சண்முகவடிவுக்குப் போட வருகிறவர்களில் கொஞ்சம் பேர் தடுமாறி எனக்குப் போட்டால் போதும்.

"நான் வே. சண்முகவடிவுல்லா. எங்கப்பா வேலாயுதம். சர்டிபிகேட்ல அப்படித்தான் இருக்கு" என்றேன்.

"ஓட்டர் லிஸ்ட்ல புருசன் பேரு மகராஜன்தான மைனி. ம. சண்முகவடிவுன்னு போட்டுருவோம். அந்தம்மா அப்பன் மாடசாமி, அவ மா. சண்முகவடிவு. நடுவுல ஒரு துணைக்கால்தான். அதை எவன் பாக்கப்போறான்."

சிரித்தார். பல்லிடுக்கில் பாக்கு.

என் வீட்டுக்காரர் தண்ணீர்த் தொட்டி ஆபரேட்டர். பதினோரு வருஷமாகத் தினக்கூலி. கோமதி ஜெயித்தால் முதல் கூட்டத்திலேயே நிரந்தரம் என்கிறார் பாண்டியன். நான் நிற்காவிட்டால் என்ன ஆகும் என்று அவர் சொல்லவில்லை. "தொட்டி வேலைக்கு எத்தனையோ பேரு மனு குடுத்துருக்கான்" என்று மட்டும் சொல்லிவிட்டு எழுந்தார். டம்ளரில் பாதி டீ அப்படியே இருந்தது.

முடியாது என்றேன். இவர் சாப்பிடாமல் தொட்டிக்குப் போனார்.

ஜூன் 16, வியாழன்

மனுத் தாக்கல் செய்தேன்.

அதற்கு முன்னால் பிள்ளையார் கோவிலில் சூடம் ஏற்றி, வாபஸ் வாங்க மாட்டேன் என்று கையடித்துச் சத்தியம் செய்யச் சொன்னார்கள். குருக்கள் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். சூடம் அணைகிற வரைக்கும் பாண்டியனின் ஆள் என் கையையே பார்த்துக்கொண்டு நின்றான்.

பேரூராட்சி ஆபீஸ் வராந்தாவில் மனு வடிவு நின்றாள். கையில் மஞ்சள் பை, அதற்குள் எட்டு வருஷத்து மனு நகல்கள். என்னைப் பார்த்ததும் முகம் மலர்ந்துவிட்டது. அவளுக்கு முன்மொழிய வந்திருக்கிறேன் என்று நினைத்திருக்கிறாள்.

"ஏளா பேர்க்காரி, ஒனக்கு யாரு சொன்னா இன்னைக்குத் தாக்கல்னு?"

நான் என் கையில் இருந்த தாளைச் சேலைக்குள் மறைத்தேன். பாண்டியனின் ஆள் பின்னாலிருந்து "ம. சண்முகவடிவு, உள்ள வாங்க" என்று வேண்டுமென்றே சத்தமாகக் கூப்பிட்டான். அவள் என்னைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள். வழி விட்டு ஒதுங்கி நின்றாள்.

அவள் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

ஜூன் 18, சனி

மனுக்கள் பரிசீலனை. என் மனுவில் ஒரு குறை இல்லை, அத்தனையும் பாண்டியனின் வக்கீல் எழுதியது. மனு வடிவுக்கு வீட்டு வரி ரசீது இல்லை என்று கிளப்பிவிட்டார்கள். அவள் மஞ்சள் பைக்குள் கையை விட்டு ரசீதை எடுத்துக் கொடுத்தாள். எனக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன்.

தன் பெயரை "மனு சண்முகவடிவு" என்று அச்சடிக்க முடியுமா என்று அதிகாரியிடம் கேட்டாள். வாக்காளர் பட்டியலில் உள்ளபடிதான் முடியும் என்றார்.

வீட்டுக்கு வந்து மோர்மிளகாய் வற்றல் போட்டேன். காகம் வரவில்லை. இந்தப் புகைக்கு அதுவும் வேறு ஊர் பார்த்துப் போயிருக்கும்.

ஜூன் 20, திங்கள்

வாபஸ் வாங்கக் கடைசி நாள். மூன்று மணி வரைக்கும் நேரம்.

பதினொரு மணிக்கு மனு வடிவு மில்லுக்கு வந்தாள். திரிக்க ஒன்றும் கொண்டுவரவில்லை.

"நான் ஒன்னை ஒண்ணும் சொல்ல வரல. ஒங்க வீட்டுக்காரர் வேலை எனக்குத் தெரியும். ஆனா ஒன் பிள்ளை மூச்சும் எனக்குத் தெரியும். மூணு மணிக்குள்ள ஒரு கையெழுத்து. நான் ஆபீஸ் வாசல்ல நிக்கேன்" என்றாள்.

வருகிறேன் என்று சொன்னேன். உண்மையாகத்தான் சொன்னேன். ஆனால் மில்லில் கூட்டம். இடியாப்ப மாவுக்கு மூன்று பேர், சத்துமாவுக்கு ஒருத்தி. பாதியில் பெல்ட் வேறு கழன்றது. மாட்டி முடித்து நிமிர்ந்தால் மூன்றேகால்.

முதலாளி "போகணும்னா போயிருக்கலாமேம்மா, பெல்ட்ட நான் மாட்டியிருப்பேன்" என்றார். இந்த மனிதருக்கு எல்லா யோசனையும் பிறகுதான் வரும்.

ஜூன் 21, செவ்வாய்

எனக்கு அடிபம்புச் சின்னம். மனு வடிவுக்குத் தண்ணீர்க் குழாய். இரண்டும் சின்னதாக அச்சடித்தால் ஒன்று போலத்தான் இருக்கின்றன. பாண்டியன் இதையும் யோசித்துக் கேட்டு வாங்கியிருக்கிறார். இந்த மூளையில் கால்வாசியைச் சாக்கடைக்குச் செலவழித்திருந்தால் எங்கள் தெரு எப்போதோ உருப்பட்டிருக்கும்.

மெஷினில் அகர வரிசையாம். முதலில் கட்சிக்காரி கோமதி. சுயேச்சைகளில் நான் மேலே, அவள் எனக்கு அடுத்தபடி.

ஜூன் 23, வியாழன்

என் போஸ்டர் ஒட்டியிருக்கிறார்கள். வார்டு முழுவதற்கும் பத்தோ பன்னிரண்டோதான். "உங்கள் சண்முகவடிவு" என்று மட்டும் பெரிதாக இருக்கிறது. ம என்பது எறும்பு அளவு. போட்டோவை வேண்டுமென்றே மங்கலாகப் போட்டிருக்கிறார்கள், யார் என்று தெரியக்கூடாதாம். நல்ல போட்டோ ஒன்று கொடுத்திருந்தேன். தம்பி கல்யாணத்தில் எடுத்தது, அரக்குப் பட்டு. அதைப் பாழாக்கிவிட்டார்கள்.

ரேஷன் கடைச் சுவரில் இருந்ததில் ஒரு மூலை பிய்ந்து தொங்கியது. மாடு தின்றுவிடும் என்று கழற்றி வந்தேன். அரிசிப் பானைக்குப் பின்னால் வைத்திருக்கிறேன்.

ஜூன் 25, சனி

ஆட்டோவில் ஏறச் சொன்னார்கள். ஓட்டுக் கேட்க வேண்டாம் என்றுதானே பேச்சு என்றேன். "சும்மா உக்காந்து கும்பிடுங்க மைனி, வாயத் தொறக்காண்டாம்" என்றார் பாண்டியன். மைக்கில் ஒருவன் "குப்பைக்கிடங்கை அகற்ற உங்கள் சண்முகவடிவுக்கு வாக்களியுங்கள்" என்றான். அவள் பேச்சையே திருடி எனக்குப் போட்டுவிட்டான். சின்னம் எது என்று சொல்லவேயில்லை.

கீழத்தெருவில் கண் சரியாகத் தெரியாத பாக்கியத்தாய் ஆச்சி கையைப் பிடித்துக்கொண்டு, "எத்தனை மனு எழுதியிருப்ப தாயி. ஒனக்குப் போடாம விடமாட்டேன்" என்றாள். நான் மில் வடிவு என்று சொல்ல வாயெடுத்தேன். ஆட்டோ கிளம்பிவிட்டது.

இது என்ன பிழைப்பு என்று இருக்கிறது. பிச்சை எடுக்கிறவன்கூடத் தன் பெயரில்தான் எடுக்கிறான்.

மேலத்தெருவில் மூன்று பிள்ளைகள் "கவுன்சிலரக்கா" என்று ஆட்டோவுக்குப் பின்னால் ஓடி வந்தன. கையசைத்தேன். நாளைக்கு வரும்போது மிட்டாய் கொண்டுவர வேண்டும். அப்புறம், இன்றைக்குக் கட்டின பச்சைச் சேலை வெயிலில் கண்ணை உறுத்துகிறது. அரக்கே கட்டலாம்.

ஜூன் 26, ஞாயிறு

மனு வடிவு சும்மா இருக்கவில்லை. வீடு வீடாகப் போய்ப் பெண்களைக் கூப்பிட்டு, அவர்கள் போட்ட கோலத்துக்குப் பக்கத்திலேயே கோலமாவால் பெரிதாக "மா" போடச் சொல்கிறாள். "துணைக்கால் இருக்கான்னு பாத்துட்டு அமுக்குங்க. கால் இருக்குத வடிவுதான் நான். நடந்து நடந்து தேஞ்ச கால்" என்கிறாளாம். கேட்டவர்கள் எல்லாம் சிரிக்கிறார்கள்.

காலையில் பால் வாங்கப் போனால் நடுத்தெரு நீளத்துக்கும் ஒவ்வொரு வாசலிலும் "மா". ஒரே வகுப்பில் இத்தனை பிள்ளைகள் எழுதிப் பழகின மாதிரி இருந்தது. அழகாகத்தான் இருந்தது. பால்காரர் என்னைப் பார்த்து, "கால் இருக்குத வடிவு அங்க போறா. அப்ப காலில்லாத வடிவு நீங்களா" என்றார். நானும் சிரித்தேன். சிரிக்காமல் என்ன செய்ய.

ஜூன் 28, செவ்வாய்

கிடங்கு தீப்பிடித்து எரிந்தது. பத்து மணிக்கே தெருவுக்குள் எதிரே வருகிற ஆள் தெரியவில்லை. பிளாஸ்டிக் கருகின நாற்றத்தில் எனக்கே தொண்டை கட்டிவிட்டது. நான் மில்லில் இருந்தேன், இவர் தொட்டியில். முத்தரசி பள்ளிக்கூடத்திலிருந்து பாதியில் வந்து வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள். உதடு நீலம் பாரித்திருந்ததாம்.

மனு வடிவு பிரச்சார ஆட்டோவில் அந்தப் பக்கம் வந்திருக்கிறாள். மைக்கை நிறுத்தச் சொல்லி, பிள்ளையைத் தூக்கிப் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டாள். தகவல் தெரிந்து நான் ஓடியபோது, முத்தரசி முகத்தில் ஆவி மருந்து முகமூடி. பக்கத்தில் அவள், பிள்ளையின் முதுகைத் தடவிக்கொண்டு. வாசலில் குழாய்ச் சின்னம் போட்ட ஆட்டோ.

"பேச்சுக்குடுக்காத, மருந்து உள்ள போகட்டும்" என்று என்னை அதட்டினாள்.

மூன்று மணி வரைக்கும் கூடவே இருந்தாள். பிரச்சாரம் முடிய இரண்டு நாள்தான் இருக்கிறது, நீங்கள் போங்கள் அக்கா என்றேன். "ஓட்டு கேக்க நாளைக்கும் பொழுது இருக்கு" என்றாள். என் மேல் கோபம் இல்லையா என்று கேட்டேன்.

"இருக்கு. அதுக்கு இவ என்ன செய்வா" என்றாள்.

பாண்டியன் சாயங்காலம் ஆளிடம் ஹார்லிக்ஸ் பாட்டில் கொடுத்துவிட்டார். தொடவில்லை. தீ எப்படிப் பிடித்தது என்று கேட்டதற்கு, தானாகத்தான் என்றான்.

இந்தப் பக்கத்தில் எழுதி வைக்கிறேன். என் ஓட்டு மா. சண்முகவடிவுக்கு. சூடம் அடித்தது வாபஸ் வாங்க மாட்டேன் என்றுதான், ஓட்டை யாருக்குப் போடுவேன் என்று இல்லை.

ஜூன் 30, வியாழன்

விடிந்து வாசல் தெளிக்கப் போனால், எங்கள் வாசலிலும் "மா". முத்தரசி போட்டிருக்கிறாள். மூச்சு இன்னும் சரியாகவில்லை, அதற்குள் இது. இவர் ஒரு வாளித் தண்ணீரை எடுத்து ஊற்றிக் கழுவிவிட்டார். ம போய்விட்டது. அந்தக் கால் மட்டும் அழுத்திப் போட்டதால் போகவில்லை, விளக்குமாறு வைத்துத் தேய்த்தார்.

"பள்ளிக்கூடத்துல என்னைய காலில்லாதவ மவள்னு சொல்லுதாளுவ" என்றாள் முத்தரசி.

"சொல்லுதவள எங்கிட்ட கூட்டிட்டு வா" என்றேன்.

"நீதானம்மா காலு இல்லாமப் போய் நின்ன" என்றாள்.

ரேஷன் கடையில் இன்றைக்கும் அதே பேச்சுத்தான். எடை போடுகிறவன் "காலில்லாத வடிவக்காவுக்கு முதல்ல போடுங்கப்பா, நிக்க முடியாது" என்றான். வரிசையே சிரித்தது. மனு வடிவும் வரிசையில் இருந்தாள். அவள் சிரிக்கவில்லை, "ஏலே சும்மா இரு" என்று அவனை அதட்டினாள். அவள் சிரித்திருந்தால்கூடப் பரவாயில்லை. நான் சாம்பார்ப்பொடிக்கு வறுக்க வேண்டிய மல்லியை வாங்க மறந்து திரும்பிவிட்டேன். நாளைக்குப் போக வேண்டும்.

எனக்கு வருத்தம் ஒன்றும் இல்லை. சும்மா எழுதுகிறேன்.

ஜூலை 1, வெள்ளி

பிரச்சாரம் ஓய்ந்துவிட்டது. மைக் சத்தம் இல்லாமல் காது குடைகிறது.

வீட்டுக்கு வீடு எவர்சில்வர் குடம் கொடுத்தார்கள். குடத்துக்குள் ஒரு மஞ்சள், ஒரு குங்குமப் பொட்டலம். வாங்குகிறவர்கள் குடத்தின் மேல் கை வைத்து, கோமதிக்குத்தான் போடுவேன் என்று சொல்ல வேண்டும். எட்டு வருஷமாகப் புகையில் இருமுகிற சனம், தட்டிப் பார்த்து, "கனம் கம்மியா இருக்கே" என்று மட்டும் கேட்டது. எங்கள் தெருவில் கோலமாவில் "மா" போட்ட அதே கை குடத்தின் மேலும் போனது. பார்க்க அருவருப்பாக இருந்தது. யாரை அருவருக்கிறேன் என்றுதான் தெரியவில்லை.

எங்கள் வீட்டுக்கும் ஒரு குடம் வந்தது.

"ஏம்ப்பா, நான் இதே வார்டுல போட்டியிடுத வேட்பாளர். எனக்கே குடமா" என்றேன்.

கொடுத்தவன் தலையைச் சொறிந்தான். "லிஸ்ட்ல பேரு இருக்கேக்கா" என்றான்.

ஓட்டுக்கு நிற்கிறவளே தனக்குப் போட மாட்டாள் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். என்னை ஆளாகவே எண்ணவில்லை. இவர் குடத்தை வாங்கி உள்ளே வைத்தார்.

ஜூலை 2, சனி

ஓட்டுப் போட்டேன். நல்ல வெயில்.

ஜூலை 3, ஞாயிறு

மில்லில் யார் வந்தாலும் விரல் மையைக் காட்டிவிட்டு, யாருக்கு என்று சொல்லாமல் சிரிக்கிறார்கள். நான் யாருக்குப் போட்டேன் என்று முதலாளி கேட்டார். "வேற யாருக்கு" என்றேன். அவர் அதை என்னவென்று எடுத்துக்கொண்டாரோ. மாவு சலித்துச் சலித்துக் கை வலி.

ஜூலை 5, செவ்வாய்

ஓட்டு எண்ணிக்கை. வேட்பாளர் என்பதால் உள்ளே விட்டார்கள். அரக்குச் சேலை கட்டிக்கொண்டு போனேன்.

ஒரு மணி நேரத்தில் முடிந்துவிட்டது. கோமதி நானூற்றுப் பதினெட்டு. மா. சண்முகவடிவு நானூற்று ஒன்பது. ம. சண்முகவடிவு முப்பத்தொன்று.

ஒன்பது ஓட்டு.

பாண்டியன் என் வீட்டுக்காரரைக் கட்டிப்பிடித்துத் தூக்கினார். வெற்றி பெற்ற கோமதி ஒரு ஓரமாக நின்று, வீட்டுக்குப் போகலாமா என்று யாரையோ கேட்டுக்கொண்டிருந்தாள். "முப்பத்தொண்ணும் கண்ணு தெரியாத கெழடுக மைனி. தெய்வமா பாத்து அனுப்பிச்சிருக்கு" என்று பாண்டியன் மாலையில் இருந்த ஒரு ரோஜாவைப் பிய்த்து என் கையில் கொடுத்தார். வேர்வையில் நனைந்த ரோஜா. வெளியே வந்ததும் சாக்கடையில் போட்டேன்.

மனு வடிவு பலகையில் எழுதியிருந்ததைத் தன் நோட்டில் குறித்துக்கொண்டாள். மூன்று வரிசையையும். பிறகு பேனாவை மூடி மஞ்சள் பைக்குள் போட்டுவிட்டுப் போனாள்.

கீழத்தெருவில் நுழையும்போது பாக்கியத்தாய் ஆச்சி வாசலில் உட்கார்ந்திருந்தாள். "ஜெயிச்சிட்டியா தாயி" என்று கேட்டாள். குரலை வைத்து யார் என்று தெரிந்துவிடுமே என்று பேசாமல் நடந்துவிட்டேன்.

ஜூலை 7, வியாழன்

மனு வடிவு மில்லுக்கு வந்தாள். இரண்டு கிலோ மிளகாய் வற்றல். மிளகாய் ஓடும்போது மற்றவர்கள் வெளியே போய்விடுவார்கள். அவள் போகவில்லை. மூக்கில் முந்தானையை வைத்துக்கொண்டு என் பக்கத்தில் நின்றாள். இரண்டு பேருக்கும் கண்ணில் தண்ணீர். மிளகாய்க்கு அப்படித்தான் வரும்.

"திங்கக்கெழமை திரும்பப் போறேன். மனுவுல இனிமே முத்தரசி ஆஸ்பத்திரிச் சீட்டையும் வைக்கணும். நகல் எடுத்துத் தருவியா?" என்றாள்.

தருகிறேன் என்றேன்.

"அந்த முப்பத்தொண்ணு பேரு மேலயும் எனக்குக் கோவம் இல்ல. நம்ம ஆச்சிமாருதான, கண்ணு தெரியாம அமுக்கியிருப்பாவ. பூராவும் எனக்குன்னு நெனச்சுப் போட்டது" என்றாள். பிறகு மாவுத்தூளைத் தட்டிக்கொண்டே, "ஒன் ஓட்டு அதுல இல்லன்னு எனக்குத் தெரியும். நான் நிக்கப்போறேன்னு சொன்ன அன்னைக்கே சொன்னல்லா. அது போதும் பேர்க்காரி" என்றாள்.

மிஷின் சத்தம். எனக்குக் காதில் விழவில்லை என்று நினைத்துவிடுவாளோ என்று, "ஆமாக்கா" என்று சத்தமாகச் சொன்னேன்.

கூலி வேண்டாம் என்றேன். கொடுத்துவிட்டுத்தான் போனாள்.

ஜூலை 9, சனி

இவருக்கு வேலை ஆணை வந்தது. இதுவும் நிரந்தரம் இல்லை, "பிறகு பார்க்கலாம்" என்றார்களாம். தொட்டிக்குப் பாண்டியனின் மச்சினன். இவருக்குக் குப்பைக்கிடங்குக் காவல். தீ பிடித்தால் தகவல் சொல்ல வேண்டும். யாரிடம் என்று கேட்டேன். பாண்டியனிடம்தான்.

ஜூலை 10, ஞாயிறு

இவர் முதல் நாள் காவல் முடித்து வந்தார். சட்டையைக் கழற்றிக் கொடியில் போட்டதும் வீடே குப்பைக்கிடங்காகிவிட்டது. முத்தரசி இருமிக்கொண்டே கொல்லைப் பக்கம் போனாள். இவருக்குக் குடத்தில் தண்ணீர் மொண்டு கொடுத்தேன். அந்தக் குடத்தில்தான்.

காக்கிச் சட்டையில் "காவலர்" என்ற பட்டையைத் தைக்கக் கொடுத்திருக்கிறார்கள். தைத்து முடித்துவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன்.

இரண்டாம் தேதி, ஓட்டுப் போட்ட அன்றைக்கு, ஒரு வரிதான் எழுதியிருக்கிறேன். மீதியை இப்போது எழுதுகிறேன்.

அட்டை மறைப்புக்குள் நான் மட்டும்தான். அவளுக்குப் போடத்தான் போனேன், இது சத்தியம். விரலும் அவள் பெயருக்குத்தான் போனது. மா. சண்முகவடிவு, அந்தக் கால் தெளிவாக இருந்தது. அதைப் பார்த்ததும் ரேஷன் கடை வரிசை சிரித்தது காதில் விழுந்தது. மேலே பார்த்தேன். ம. சண்முகவடிவு. என் பெயர் இந்தத் தேர்தலுக்கு முன்னால் கல்யாணப் பத்திரிகையில்தான் அச்சில் வந்திருக்கிறது, அதிலும் இரண்டாவது வரியில். இதற்கு விழப்போகிற ஓட்டு எல்லாம் அவளுக்கு என்று நினைத்து விழப்போவது. மில் வடிவு என்று தெரிந்து ஒருத்தர்கூடப் போடப்போவதில்லை. ஒரே ஒரு ஓட்டாவது தெரிந்து விழட்டுமே என்று தோன்றியது. விளக்கு எரிந்து, பீப் என்று நீளமாகச் சத்தம் வந்தது. வெளியே வந்தபோது சந்தோஷமாக இருந்தது. அதையும் எழுதிவிட வேண்டும். தெரு முனை வரைக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தேன்.

என் ஒரு ஓட்டால் அவள் தோற்கவில்லை. ஒன்பது ஓட்டு வித்தியாசம். கணக்குப் பார்த்து மனசைத் தேற்றிக்கொள்ள எனக்கும் தெரியும். ஆனால் அவள் நோட்டில் முப்பத்தொன்று என்று எழுதி வைத்திருக்கிறாள், அத்தனை பேரும் கண் தெரியாமல் போட்டவர்கள் என்று நம்பிக்கொண்டிருக்கிறாள்.

முப்பது பேர் அப்படிப் போட்டவர்கள்தான். எனக்குக் கண்ணாடி கிடையாது. சற்று முன்னால்கூட இந்த மங்கல் வெளிச்சத்தில் ஊசியில் நூலை முதல் தடவையிலேயே கோத்தேன்.